நீலப் புள்ளிக் கத்தி

செலிக் பின்ஸ்கர் நியூயார்க்கின் ப்ராங்ஸ் பகுதியில், யூதர் கடை ஒன்றிலேயே நின்று, தலை நரைக்கும்வரை இறைச்சி வெட்டியவர். உப்பில் ஊறி வெந்த மாட்டு நெஞ்சுக்கறியை ஆவித் தொட்டியிலிருந்து எடுத்து, சீவி, ரை தானிய ரொட்டிக்குள் அடுக்கிக் கொடுப்பதில் அவருக்கு ஈடு கிடையாது. வாடிக்கையாளர் வாயைத் திறப்பதற்குள் கை வேலையைத் தொடங்கியிருக்கும். ஆனால் சொந்த வீட்டுச் சமையலறையில் அந்த மனுஷர் வெந்நீர் வைத்ததைத் தவிர வேறு எதையும் கிழித்ததில்லை. மனைவி பாஸ்யா இருந்தவரை அது அவருடைய ராஜ்ஜியம். பாஸ்யா போன பிறகு செலிக்குக்கு மூன்று வேளையும் கடைச் சாப்பாடு, சனிக்கிழமை ஓய்வுநாளுக்கு அக்கா வீடு. பாவம், ஆண்பிள்ளை என்று தெருவே விட்டுக்கொடுத்துவிட்டது.

ஹெனியா ரிங்கல் விட்டுக்கொடுக்கவில்லை. ஹெனியா தையல் வேலை செய்யும் விதவை. வியாழக்கிழமை தவறாமல் கடைக்கு வந்து கறி வாங்குவார். வாங்குகிற கறியைவிடப் பேசுகிற பேச்சு அதிகம். அந்தப் பேச்சுக்காகவே செலிக் வியாழக்கிழமைகளில் சட்டை மாற்றிக்கொண்டு வர ஆரம்பித்தார். கடைசியில் ஒருநாள், பொட்டலம் மடித்துக்கொண்டே, தலையை நிமிர்த்தாமல் கேட்டும்விட்டார்.

"கல்யாணமா? பின்னாடி இத்தனை பேர் வரிசைல நிக்கறப்பவா கேப்பீங்க?" என்றார் ஹெனியா.

"கூட்டம் குறையட்டும்னு காத்திருந்தா எனக்கு வயசாயிடும்மா."

"இதுவரைக்கும் ஆனது போதாதாக்கும்! இதோ பாருங்க, முதலாளி கடைக் கறிய ஊரே திங்குது. உங்க வீட்டு அடுப்பு எரியுதா இல்லியான்னு எனக்குத் தெரியணும். நீங்களே சமைச்சு, உங்க மேஜைல போடுங்க. சாப்பிட்டுட்டு ஆமாவா இல்லையான்னு சொல்றேன்."

வரிசையில் நின்றவர்கள் கை தட்டினார்கள். கடையில் ஊறவைப்பது ஒருவர் வேலை, வேகவைப்பது இன்னொருவர் வேலை. செலிக்குக்குத் தெரிந்ததெல்லாம் வெட்டுவது மட்டும்தான். கேட்டுக் கேட்டுச் செய்தார். பெரிய நெஞ்சுக்கறித் துண்டு ஒன்றை வாங்கி, உப்பு, சர்க்கரை, பூண்டு, மிளகு, கொத்தமல்லி விதை, பிரிஞ்சி இலை போட்டுக் காய்ச்சி ஆறவைத்த தண்ணீரில் முக்கி, மிதக்காமல் இருக்க மேலே ஒரு தட்டும் கல்லும் வைத்தார். குளிர்பெட்டியில் வேறு எதற்கும் இடமில்லை. வைப்பதற்கு வேறு எதுவும் இருக்கவும் இல்லை. தினமும் வேலை முடிந்து வந்ததும் கதவைத் திறந்து, பச்சைப் பிள்ளையைப் புரட்டிப் போடுவதுபோல அதைப் புரட்டிப் போட்டார்.

ஞாயிற்றுக்கிழமை காலையிலிருந்து கறி மெல்லிய கொதியில் வெந்தது. பானையைக் கடையிலிருந்தே இரவல் வாங்கியிருந்தார். ஆவித் தொட்டிக்கு எங்கே போவது? அந்தப் பானைமேலேயே சல்லடையைக் கவிழ்த்து, கறியை அதில் ஏற்றி, துணி போட்டு மூடினார். ஓரத்தில் ரொட்டியையும் வைத்தார். மாடிப்படி முழுக்க வாசனை.

ஹெனியா வந்தார். ஊர் வாய்க்கும் சாஸ்திரத்துக்கும் பயந்து வாசல் கதவை ஒரு நாற்காலி வைத்துத் திறந்தே விட்டார்கள். அது எதிர்வீட்டு அம்மாளுக்கு ரொம்ப வசதியாகப் போயிற்று.

"வாசனை பரவால்லையே! எதிர்வீட்டம்மா செஞ்சு குடுத்தாங்களா?" என்றார் ஹெனியா.

"நான் ஒண்ணும் செய்யல, தாயே! அந்தாள் என்னைக் கிட்டவே விடல!" என்று எதிர்வீட்டிலிருந்து குரல் வந்தது.

செலிக் இழுப்பறையைத் திறந்தார். கடைக் கத்தி கடையில் இருந்தது. உள்ளே இருந்ததில் நீளமான, மெல்லிய கத்தியைத் தேர்ந்தெடுத்துக்கொண்டு, கறியைப் பலகையில் இறக்கினார். இங்கேதான் அவருக்கு உயிர் வந்தது. "பாருங்க, நார் இப்படி ஓடுதா? குறுக்க வெட்டணும். இந்த இடத்துல நார் திரும்பும், அப்ப கறியையும் திருப்பிக்கணும்" என்று சொல்லி, ஆவி பறக்க முதல் துண்டைச் சீவினார்.

"நிறுத்துங்க!"

ஹெனியா எழுந்தே விட்டார். "கத்திப் பிடியப் பாருங்க. நீலப் புள்ளி. அது பால் கத்தி!"

செலிக்குக்கு முகம் செத்துவிட்டது. யூத சாஸ்திரப்படி, இறைச்சியையும் பாலையும் ஒரே கத்தி தொடக்கூடாத வீடு அது. பாலுக்கு நீலம், கறிக்குச் சிவப்பு என்று பாஸ்யா ஒவ்வொரு பிடியிலும் சாயம் தொட்டு வைத்திருந்தார். கடையில் பால் எட்டியே பார்க்காது, எந்தக் கத்தியானாலும் கறிக் கத்திதான். வீட்டில் பாஸ்யா எடுத்துக் கொடுத்ததைத்தான் அவர் வாங்கிப் பழக்கம். கண் முன்னால் இருந்த புள்ளி அவர் கண்ணில் படவே இல்லை.

"போச்சு. கறியும் போச்சு, எல்லாமே போச்சு" என்று உட்கார்ந்துவிட்டார்.

"அழுவறதுக்கு முன்னாடி ரபிகிட்ட ஒரு வார்த்தை கேக்கலாம்" என்று ஹெனியா, சாஸ்திரம் சொல்லும் யூத குருவான ரபியை அழைக்கச் சுவரோரம் போய்த் தொலைபேசியை எடுத்தார். நடந்ததைச் சொல்லிவிட்டு, ரபி கேட்பதை அப்படியே இந்தப் பக்கம் திருப்பிக் கேட்டார்.

"இந்தக் கத்தியால கடைசியா எப்ப வெண்ணெய், சீஸ் எதாச்சும் வெட்டினீங்க? நேத்தா?"

"இல்ல."

"முந்தாநாள்? போன வாரம்? ரபி கேக்கறார், யோசிச்சுச் சொல்லுங்க."

செலிக் தரையைப் பார்த்தார். "பாஸ்யா கடைசியா எப்ப எடுத்தாளோ அப்பதான். அவ போனப்புறம் அந்த இழுப்பறைய நான் தெறக்கவே இல்ல."

ஹெனியா இதை ரபியிடம் தாழ்ந்த குரலில் சொன்னார். மறுமுனையில் ரபி சொன்னதைக் கேட்டுவிட்டு வைத்தார்.

"கத்தி ஒரு நாள் முழுக்க பால் படாம சும்மா கெடந்திருந்தாலே போதுமாம். முதல் துண்ட எறிஞ்சுட்டு மிச்சத்தச் சாப்பிடலாமாம். கத்திய மட்டும் கொதிக்கற தண்ணில முக்கி எடுக்கணும்."

அவரே சிவப்புப் புள்ளிக் கத்தியைத் தேடி எடுத்து நீட்டினார். செலிக் வெட்டி, கடுகு விழுது தடவி, அடுக்கிக் கொடுத்தார். ஹெனியா பாதியைப் பேசாமல் தின்றார். அவர் பேசாமல் எதையாவது தின்று யாரும் பார்த்ததில்லை.

"காலைல என்ன சாப்பிடுவீங்க?" என்று கேட்டார்.

"கருங்காப்பி."

"ஒரு ரொட்டிக்கு வெண்ணெய் தடவிச் சாப்பிட்டதில்லையா, இத்தனை வருஷமா?"

"ஒரு ஆளுக்கு எதுக்கும்மா மேஜை விரிக்கணும்?"

ஹெனியா வாயைத் துடைத்துக்கொண்டார். அவர் வீட்டிலும் ஒரே தட்டுதான். நின்றபடியே தின்றுவிட்டுக் கழுவி வைக்கிற தட்டு.

"கறில உப்பு தூக்கல். ரொட்டி நமுத்துப் போச்சு," என்றார். "அந்தக் கத்திய நாளைக்கே கொதிக்க வைங்க. கல்யாணத்துக்கு மறுநாள் வெண்ணெய் வாங்கிட்டு வாங்க. ரெண்டு பேரும் உக்காந்து சாப்பிடலாம்."

செலிக் அப்போது இரண்டாவது சாண்ட்விச்சுக்கு வெட்டிக்கொண்டிருந்தார். அழுகை வந்துவிட்டது. ஒரு கையில் கத்தி, இன்னொரு கையில் கறி. கண்ணைத் துடைக்க வழியில்லாமல், கதவு திறந்திருக்கிறதே என்றுகூட நினைக்காமல், வாய்விட்டே அழுதார்.