ஒரே குருத்தில் பிறந்த நாற்பது மரங்கள்

கண்ணாடிப் போத்தலுக்குள் செம்பனை என்கிற எண்ணெய்ப் பனையை வளர்த்து அடிபட்ட என் சகாக்களுக்குத் தெரியும், நம்ம வேலையில் தவறு நடந்தால் அது காய்த்துத் தொங்க நாலு வருஷம் பிடிக்கும். தொண்ணூறுகளின் தொடக்கத்தில், டுரியான் துங்கால் என்ற ஊருக்கு அருகே ஒரு செம்பனைத் தோட்டத்து ஆய்வுக்கூடத்தில் நான் உதவியாளர்.

குருத்து வெட்டிய நாள்

நன்றாகக் காய்க்கும் ஒரு மரத்தின் குருத்தை, தோட்டத்து ஆட்களை மேற்பார்க்கும் மண்டோர் முனியாண்டி அண்ணன் வெட்டிக் கொடுத்தார். இந்த இலைத் துண்டுகளிலிருந்து நாற்பது கன்று வரும் என்றேன். இலையில் எப்படி வேர் வரும் என்று கேட்டார். ஒவ்வொரு செல்லிலும் மரபணு முழுக்க இருக்கிறது, வேண்டாததைப் புரதங்கள் கூட்டாக உட்கார்ந்து மூடி வைத்திருக்கின்றன, போத்தலில் போட்டு அதைத் திறக்கிறோம் என்று, எங்கள் ஆய்வாளர் டாக்டர் சுபத்ரா சொல்லிக் கொடுத்ததை ஒப்பித்தேன். அண்ணன் குருத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

“திறக்கிறது சரிலா தங்கச்சி, திரும்ப மூடத் தெரியுமா?”

விளக்கக் கடிதம்

நட்ட கன்றுகள் நாலு வருஷம் கழித்துக் காய்த்தபோது, நாற்பதில் பதினொரு மரங்களில் பழம் கெட்டிருந்தது. பழத்தைச் சுற்றிக் கொம்பு கொம்பாகச் சதை. பழுக்கும் முன்பே குலை அழுகியது. நான் போத்தல்களில் சீட்டை மாற்றி ஒட்டிவிட்டேன் என்று மேனேஜர் விளக்கக் கடிதம் கேட்டார். எழுத உட்கார்ந்தால் கை ஓடவில்லை. மாற்றவில்லை என்று எனக்கே உறுதியில்லை.

டாக்டர் சுபத்ரா கெட்ட மரங்களைத் தாய் மரத்தோடு ஒப்பிட்டுப் பார்த்தார். மரபணு ஒன்றேதான், சீட்டு மாறவில்லை. என்னையும் கூட்டிக்கொண்டு மேனேஜரிடம் போனார். செல் பிரியும்போதெல்லாம் எதை மூடி வைப்பது என்ற ஏற்பாடும் கூடவே போகவேண்டும், போத்தலில் அது எங்கோ தவறியிருக்கலாம், அதனால் பூவில் மகரந்தம் தரவேண்டிய பாகம் சதையாகிவிட்டது, இதற்கு மேல் யாருக்கும் தெரியாது என்றார். மேனேஜர், விளக்கம் இனி வேண்டாமென்று கடிதத்தை என்னிடமே தள்ளினார்.

“அப்போ யார் மேலயும் தப்பு இல்ல, மரம் மட்டும்தான் தப்பு.”

விட்டுவைத்த மரம்

பதினொன்றையும் சாய்க்கச் சொன்னார்கள். ஓடையோரத்து மரம் ஒன்றை மட்டும் முனியாண்டி அண்ணன் விட்டுவிட்டார். கேட்டதற்கு, டிராக்டர் அங்கே இறங்காது என்றார். மூன்று வருஷம் கழித்து அந்த மரத்துக் குலையை மோட்டார் சைக்கிளில் கட்டிக்கொண்டு வந்தார். பழங்கள் கொம்பில்லாமல் மழமழவென்று இருந்தன. டாக்டர் ஒன்றைப் பிளந்து பார்த்துவிட்டு, சில மரங்கள் தாமாகவே திருந்துவதுண்டு, காரணம் தெரியாது என்றார். போத்தலில் என் கைதான் எதையோ கெடுத்துவிட்டதோ என்று மனசில் இருந்த பாரம் அன்றுதான் இறங்கியது. என்ன செய்தீர்கள் என்று அண்ணனைக் கேட்டேன்.

“ஒண்ணும் செய்யலலா. உரம்கூட வைக்கல.”

ஒரே மரபணுவோடு பிறந்தவையே தம் இஷ்டத்துக்கு நடந்ததைப் பார்த்த பிறகு, என் இரண்டு பிள்ளைகளை ஒப்பிட்டுப் பேசுவதை நான் விட்டுவிட்டேன்.