கைநாட்டு மாதிரி

1. செருப்பு மாட்டிய இடம்

யோசனை வந்தது மரக்காணம் உப்பளத்து வரப்பில், உச்சி வெயிலில், என் இடது கால் செருப்பு சேற்றில் மாட்டிக்கொண்ட நேரத்தில். அதை இழுக்கக் குனிந்தபோதுதான் கழிவுத் தண்ணீர் ஓடும் கால்வாயின் ஓரத்தில் வெள்ளையாக ஏதோ படிந்திருப்பதைப் பார்த்தேன். உப்பு என்றால் சின்னச் சின்னக் கட்டமாக இருக்கும். இது ஊசி ஊசியாக இருந்தது. நாக்கில் வைத்துப் பார்த்தேன். கெமிஸ்ட்ரி படித்தவர்கள் செய்யவே கூடாத காரியம் அது. கசப்பு காது வரைக்கும் ஏறியது.

செருப்பை அங்கேயே விட்டுவிட்டேன். கைனைட் என்று மனதுக்குள் மணி அடித்தது.

புதிதாக வேலைக்கு வருகிறவர்களுக்காக இரண்டு வரி விளக்கம். பாத்தியில் உப்பை வாரிய பிறகு ஒரு தண்ணீர் மிஞ்சும். எண்ணெய் போலக் கையில் வழுக்கும், கசக்கும். யாருக்கும் வேண்டாம் என்று மடையைத் திறந்து விட்டுவிடுவார்கள். அதை மேலும் காயவைத்தால் வேறு வேறு உப்புகள் ஒவ்வொன்றாகப் படியும். அவற்றில் ஒன்றுதான் கைனைட். உரத்துக்கு வேண்டிய பொட்டாசியம் அதில் இருக்கிறது. சுலபத்தில் கண்ணில் படாத கனிமம். பெயர் கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தது, அர்த்தம் 'புதுசு'. கண்டெடுத்தவர்கள் அதுவரை பார்த்திராத சரக்கு என்பதால் புதுசு என்றே பெயர் வைத்துவிட்டுப் போய்விட்டார்கள். அந்தப் பெயர் என்னை என்ன பாடு படுத்தும் என்று அவர்களுக்கு எப்படித் தெரியும்.

ஒற்றைச் செருப்போடு புதுச்சேரிக்குப் பஸ் ஏறி லேபுக்குள் நுழைந்தேன். எங்கள் லேப் இரண்டு ரூம், ஒரு ஃபிரிட்ஜ், ஓனர் சுகுமாரன் சார், நான். பிழைப்பு தண்ணீர் டெஸ்ட்.

"சார், கைனைட்."

"யாரு அது? பேமென்ட் குடுத்துட்டாங்களா?"

"ஆள் இல்ல சார், கனிமம். மரக்காணத்துல வேஸ்ட்டா ஓடுது."

நான் சொல்லி முடிக்கும் வரை பொறுமையாகக் கேட்டார். கடைசியில் என் காலைப் பார்த்தார்.

"இன்னொரு செருப்பு எங்கம்மா?"

"கைனைட்ல இருக்குது சார்."

அவர் பேனாவை மூடி வைத்தார். "சரி. மழைக்கு முன்னாடி ரெண்டு கேன் கசப்புத் தண்ணி கொண்டாந்துடு. வந்துச்சுன்னா இனிமே இதான் உன் வேலை. வரலைன்னா ஆயுசுக்கும் குயிலாப்பாளையம் கெஸ்ட் ஹவுஸ் போர்த் தண்ணிதான், சொல்லிட்டேன்."

அந்தப் போர்த் தண்ணீரைப் பற்றி நீங்கள் தெரிந்துகொள்ள வேண்டும். போன மாதம் ஒரு கெஸ்ட், தண்ணீர் சந்தோஷமாக இருக்கிறதா என்று டெஸ்ட் பண்ணிச் சொல்லச் சொன்னார். உப்பு, இரும்பு, சுண்ணாம்பு எல்லாம் எழுதிவிட்டு, சந்தோஷத்துக்கு நேராகக் கோடு போட்டுக் கொடுத்தேன். அதற்கு ஒரு புகார் வேறு வந்தது. ஆயுசுக்கும் அதுவா?

வானத்தைப் பார்த்தேன். கிழக்கே இரண்டு மேகம் கூடிப் பேசிக்கொண்டிருந்தன.

2. போன் எழுதிய மெசேஜ்

மரக்காணத்துப் பாத்திக்காரர்களுக்கு ஒரு வாட்ஸ்அப் குரூப் உண்டு. முன்பு ஒருமுறை தண்ணீர் டெஸ்ட் எடுத்தபோது என்னையும் அதில் சேர்த்துவிட்டவர் ஏழுமலை அண்ணன். பாத்தி குத்தகைக்கு எடுத்திருப்பவர்களில் அவர் பேச்சைத்தான் மற்றவர்கள் கேட்பார்கள். அந்தக் குரூப்பில் எதைப் போட்டாலும் பதிலுக்குக் கட்டைவிரல் படம் வரும். உப்பு விலை ஏறினாலும் கட்டைவிரல், இறங்கினாலும் கட்டைவிரல். ஒரு சாவுச் செய்திக்குக் கூட ஏழெட்டுப் பேர் கட்டைவிரல் காட்டியிருந்தார்கள்.

அன்று சாயங்காலம் வீட்டுக்கு, கூனிமேட்டுக்கு, பஸ்ஸில் நின்றுகொண்டே போனேன். ஒரு கை கம்பியில். அதனால் போனிடம் வாயால் சொல்லி டைப் பண்ண வைத்தேன். நான் சொன்னது இது: "நாளை காலை உங்கள் பாத்தியில் கைனைட் மாதிரி எடுக்க வருகிறேன். அனைவரும் ஒத்துழைக்கவும்." சாம்பிள் என்று சொல்லியிருக்கலாம். தமிழில் அழகாக இருக்கட்டும் என்று மாதிரி என்றேன்.

அனுப்பிவிட்டுப் போனைப் பையில் போட்டேன். வீட்டுக்குப் போய்ப் பார்த்தால் எல்லாரும் படித்ததற்கு நீல டிக் விழுந்திருக்கிறது. ஒரு கட்டைவிரல் கூட இல்லை.

"அம்மா, யாருமே பதில் போடலைம்மா."

"பயபுள்ளைங்க வேலையா இருந்திருப்பாங்க. நீ சாப்பிடு," என்றாள் அம்மா.

3. ஒளிந்த விரல்கள்

காலையில் இரண்டு கேனும் ஒரு புனலும் எடுத்துக்கொண்டு உப்பளத்துக்குப் போனேன். பம்பு செட் கொட்டகை முன்னால் பத்துப் பதினைந்து பேர் நின்றிருந்தார்கள். வரவேற்பு என்றுதான் முதலில் நினைத்தேன். கிட்டே போனதும் ஏதோ சரியில்லை என்று பட்டது. யார் கையும் வெளியே இல்லை. ஆண்கள் லுங்கி மடிப்புக்குள் கையை விட்டிருந்தார்கள். பெண்கள் முந்தானைக்குள் வைத்திருந்தார்கள். உப்பு வாரும் தனலட்சுமி அக்கா மட்டும் இரண்டு கையையும் வெளியே விட்டிருந்தார், ஆனால் இரண்டு கட்டைவிரலிலும் துணி சுற்றியிருந்தது.

"கைல என்னக்கா காயமா?"

"ஆமா. ரெண்டுலயும் காயம். ஆறாது," என்றார்.

ஏழுமலை அண்ணன் முன்னால் வந்தார். "ஏம்மா, எந்தக் கம்பெனிக்காரன் உன்ன அனுப்பினான்?"

"கம்பெனியா? எங்க லேப்தாண்ணா."

"லேபுக்கு எதுக்கும்மா எங்க கைநாட்டு?"

"கைநாட்டு இல்லண்ணா, கைனைட்."

"அதான் நாங்களும் சொல்றோம். கைநாட்டு. எங்ககிட்ட கைநாட்டு வாங்கிட்டு நாளைக்கு இங்க ரிசார்ட் கட்டுவீங்க. நாங்க அதுல வாட்ச்மேன் வேலைக்கு வரணும், அதான?"

அவர் தன் போனை என் முகத்துக்கு நேரே நீட்டினார். கையை வெளியே எடுக்க வேண்டியிருந்ததால் கட்டைவிரலை மட்டும் உள்ளே மடக்கிக்கொண்டார். திரையில் என் மெசேஜ். "நாளை காலை உங்கள் பாத்தியில் கைநாட்டு மாதிரி எடுக்க வருகிறேன். அனைவரும் ஒத்துழைக்கவும்."

என் போனுக்குக் கைனைட் தெரியாது. தெரிந்த வார்த்தையாகப் பார்த்துப் போட்டுவிட்டது.

இதற்குள் பின்னாலிருந்து மூர்த்தி வந்தான். அவன் பி.காம். அப்பாவின் பாத்தியை இப்போது அவன்தான் பார்க்கிறான். அவனுக்குப் பயம் கிடையாது, கோபம்தான்.

"இவங்க பாத்தியப் பத்திப் பேசறாங்க. நான் மரியாதையப் பத்திப் பேசறேன். யாரைப் பார்த்துக் கைநாட்டுன்னீங்க? பதினேழு அரியர் வச்சிருந்து அத்தனையும் கிளியர் பண்ணவன் நான்."

"உன்ன சொல்லல மூர்த்தி. அது ஒரு கனிமத்தோட பேரு."

"கைநாட்டு மாதிரின்னு வேற போட்டிருக்கு. அப்ப கைநாட்டும் கிடையாது, கைநாட்டு மாதிரி. அவ்ளோ கேவலமாவா தெரியுது?"

மாதிரி என்றால் சாம்பிள் என்று விளக்கினேன். கைநாட்டு சாம்பிள் என்றதும் நிலைமை இன்னும் மோசமானது. தனலட்சுமி அக்கா துணியை ஒரு சுற்று இறுக்கிக் கட்டிக்கொண்டார்.

நான் கேனைக் கவிழ்த்துப் போட்டு அதன் மேல் உட்கார்ந்து முதலிலிருந்து ஆரம்பித்தேன். கசப்புத் தண்ணீர், அதில் ஒளிந்திருக்கும் உப்பு, உரம், எல்லாம். அவர்கள் கேட்டார்கள். பெயருக்கு என்ன அர்த்தம் என்று ஏழுமலை அண்ணன் கேட்டார்.

"புதுசுன்னு அர்த்தம்ணா."

"எப்ப வச்ச பேரு?"

"நூத்தம்பது வருஷத்துக்கு மேல ஆச்சு."

"அன்னிலேருந்து புதுசாவே இருக்குதா?"

"எங்க மருமவளயே ஆறு மாசத்துல புதுசுன்னு சொல்றத வுட்டுட்டோம்," என்றார் தனலட்சுமி அக்கா.

சிரித்துவிட்டார்கள். சிரித்தார்களே தவிர, கை வெளியே வரவில்லை.

"இங்க பாரும்மா," என்றார் ஏழுமலை அண்ணன். "நீ நல்ல பொண்ணு. தண்ணி எங்களுக்கு வேணாத தண்ணி. ஆனா கைநாட்டுங்கற பேர வச்சிக்கினு எங்க பாத்தியில எவனும் கால் வைக்கக் கூடாது. பேர மாத்திக்கினு வா. சீக்கிரம் வா, மழ வந்துச்சுன்னா கால்வாயெல்லாம் ரொம்பிடும், அப்பறம் நீ கடல்லதான் மொண்டுக்கணும்."

4. பெயர் மாற்றும் படலம்

அன்று முழுக்க லேபில் ஒரு வேலையும் ஓடவில்லை. கைனைட்டுக்குத் தமிழ்ப் பெயர் வேண்டும். அர்த்தம் புதுசு, பொருள் உப்பு. புது உப்பு. அதைச் சேர்த்துப் புத்துப்பு என்று எழுதிப் பார்த்தேன். இலக்கணமாகவும் இருந்தது, சின்னதாகவும் இருந்தது. எனக்கு ரொம்பப் பெருமை.

சுகுமாரன் சார் அதைச் சத்தமாகச் சொல்லிப் பார்த்தார். சொன்ன வேகத்தில் அவர் உதட்டிலிருந்து ஒரு துளி தெறித்து என் நோட்டில் விழுந்தது.

"பேர் வைக்கறியா, துப்பச் சொல்றியா?"

அடுத்தது நவலவணம், வடமொழியில் அதே புது உப்பு. போனில் வாயால் சொல்லிச் சோதித்தேன். நவ ராவணன் என்று வந்தது. ஒரு ராவணனையே சமாளிக்க முடியாமல் போன கதை எல்லாருக்கும் தெரியும் என்பதால் அதைக் கைவிட்டேன்.

வீட்டில் அம்மாவிடம் கேட்டேன். "நயா நமக்னு வையி," என்றாள். உருதுவில் அதே புது உப்பு. கேட்க நன்றாக இருந்தது. துபாயிலிருந்து வீடியோ காலில் இருந்த என் அண்ணன் அதைக் கேட்டுவிட்டு, "ஒரு பாக்கெட் வாங்கினா ஒரு பாக்கெட் ஃப்ரீயா?" என்றான்.

அடுத்த நாள் காலை எழுந்தபோது ஜன்னலில் வெயில் இல்லை. மேகங்கள் பேசி முடித்து ஒரு முடிவுக்கு வந்திருந்தன. பெயர் எதுவும் இல்லாமல் கேன்களை மட்டும் தூக்கிக்கொண்டு ஓடினேன்.

5. என் விரல்

கொட்டகையில் ஏழுமலை அண்ணனும் மூர்த்தியும் மோட்டாருக்கு பாலிதீன் சுற்றிக்கொண்டிருந்தார்கள். தனலட்சுமி அக்கா குவித்த உப்பின் மேல் கீற்று போட்டுக்கொண்டிருந்தார்.

"இன்னாம்மா, பேர் கிடைச்சுதா?"

"புத்துப்புன்னு ஒண்ணு இருக்குதுண்ணா."

"பாம்புப் புத்தா?"

"இல்ல, புது உப்பு."

"சொல்லும்போதே வாய்லேர்ந்து எச்சி வருது," என்றார் தனலட்சுமி அக்கா. "அதுக்குக் கைநாட்டே தேவல."

எனக்கு அழுகையும் சிரிப்பும் ஒன்றாக வந்தது. "அண்ணா, எனக்கு எந்தக் கைநாட்டும் வேணாம். ரெண்டு கேன் தண்ணி போதும். எங்க வேணா எழுதித் தர்றேன், கையெழுத்தே போட்டுத் தர்றேன்."

ஏழுமலை அண்ணன் மூர்த்தியைப் பார்த்தார். மூர்த்தி என்னைப் பார்த்தான். அவன் முகம் மலர்ந்ததை நான் மறக்க மாட்டேன்.

"கையெழுத்து வேணாங்க. கைநாட்டு போடுங்க."

"நான் எம்.எஸ்சி., மூர்த்தி."

"பரவால்லீங்க. நாங்க தப்பா நினைக்க மாட்டோம்."

கொட்டகைச் சுவரில் கரித்துண்டால் அவனே எழுதினான்: கசப்புத் தண்ணி மட்டும். பாத்தி எங்களுது. ஸ்டாம்ப் மை இல்லை. மோட்டாரின் கிரீஸைத் தொட்டு என் கட்டைவிரலில் தனலட்சுமி அக்கா தடவிவிட்டார். அதற்காகத் தன் விரலில் சுற்றியிருந்த துணியை அவிழ்த்தார், காயம் எதுவும் இல்லை. நான் விரலைச் சுவரில் வைத்து அழுத்தினேன்.

"உருட்டி வைம்மா," என்றார் ஏழுமலை அண்ணன். "ரேகை தெரியணும்."

உருட்டி வைத்தேன். மூர்த்தி அதைப் போட்டோ எடுத்துக் குரூப்பில் போட்டான். பிறகு அவனே ஒரு கேனைப் பிடுங்கிக்கொண்டு கால்வாய்ப் பக்கம் ஓடினான். தண்ணீர் எவ்வளவு கெட்டி என்று டிகிரியில் அளக்கும் கண்ணாடிக் குழலை மிதக்கவிட்டால் முப்பதைத் தாண்டிக் காட்டியது. உப்புக்கு வேண்டியதைவிட அதிகம், எனக்கு வேண்டிய தண்ணீர் அதுதான். இரண்டாவது கேன் முக்கால் நிறைந்தபோது முதல் துளி என் மூக்கில் விழுந்தது. மூடியைத் திருகிவிட்டு, மற்றப் பாத்திகளிலிருந்து ஓடிவந்தவர்களோடு கொட்டகைக்குள் ஒண்டினோம். ஐந்து பேர் நிற்க முடியாத இடத்தில் ஒன்பது பேர். மழைக்கு முன், தண்ணீர் மொள்ளும்போதே என் பழைய செருப்பையும் பார்த்திருந்தேன். அது முழுக்க உப்புப் பூத்து, கல்யாணத்துக்குப் போகிற மாதிரி நின்றது.

6. ரிசல்ட்டும் பாடமும்

லேபில் தட்டில் ஊற்றி, விளக்கு வைத்துக் காயவைத்தேன். ஊசி ஊசியாகப் படிந்தது. டெஸ்ட் பண்ணினேன். சுகுமாரன் சார் ரிசல்ட்டைப் படித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றினார்.

"ஷபானா, இது பேதி உப்பு."

உண்மைதான். மெக்னீசியம் சல்பேட். வரப்பில் நான் நாக்கில் வைத்ததும் அதுதான். முதலில் படிவது அது. கைனைட் அதற்கும் பின்னால், இன்னும் கெட்டியான தண்ணீரில் வரும்.

"உன் புது உப்பு வயித்தத்தான் புதுசாக்கும்போல," என்றார். ஆனால் படிந்ததை வடித்தபின் தட்டில் மிஞ்சிய தண்ணீரையும் டெஸ்ட் பண்ணச் சொன்னார். பொட்டாசியம் அதில் ஏறியிருந்தது. அவர் உடனே குயிலாப்பாளையத்துக்குப் போன் போட்டு, இனி போர்த் தண்ணீர் எடுக்க வேறு ஆள் வருவான் என்றார்.

இந்தத் தொழிலுக்கு வருகிறவர்களுக்கு நான் கற்ற பாடம் ஒன்று. ஒரு பெயருக்கு டிக்‌ஷ்னரி சொல்லும் அர்த்தம் போதாது. அது போய்ச் சேரும் ஊரில் யார் காதில் என்னவாக விழும் என்று ஒருமுறை சத்தமாகச் சொல்லிப் பார்க்க வேண்டும். முடிந்தால் எச்சில் தெறிக்கிறதா என்றும் பார்க்க வேண்டும். இன்னொன்று, சாம்பிளைச் சாம்பிள் என்றே சொல்லுங்கள்.

மழை ஓய்ந்து சீசன் தொடங்கியதும் அடுத்த முயற்சி. ஏழுமலை அண்ணன் மூலையில் ஒரு சின்னப் பாத்தியை ஒதுக்கித் தருவதாகச் சொல்லியிருக்கிறார். கசப்புத் தண்ணீரை அங்கே விட்டுப் பேதி உப்பை முதலில் படியவைத்து வாரிவிட்டு, மிஞ்சியதைப் பக்கத்தில் ஒரு பெரிய தட்டுக்கு மாற்றி, கெட்டி முப்பத்தைந்து டிகிரி ஏறும் வரைக்கும் வெயிலில் வைக்கப் போகிறேன். அங்கே வருகிறதா பார்க்க வேண்டும்.

இதைச் சொல்லி நேற்று குரூப்பில் மெசேஜ் போட்டேன். மறுபடி வாயால்தான். கைனைட் என்றேன். போன் கைநாட்டு என்று எழுதியது. இந்த முறை அனுப்புவதற்கு முன் படித்துப் பார்த்தேன். திருத்தவில்லை. உப்பளத்தில் இப்போது அதற்கு அதுதான் பெயர். "கைநாட்டு எப்பம்மா காயும்?" என்றுதான் தனலட்சுமி அக்கா கேட்கிறார்.

அனுப்பிவிட்டுப் போனை மேசையில் வைத்தேன். கொஞ்ச நேரத்தில் அது அதிர ஆரம்பித்தது. ஏழுமலை அண்ணன், மூர்த்தி, பிறகு வரிசையாக எல்லாரும். யாரும் ஒரு வார்த்தை எழுதவில்லை. திரை முழுக்கக் கட்டைவிரல்கள்.