கலாவுக்கு நான் சொன்ன சட்டம்

ஒரு மனிதனின் நல்ல சாவை நான் கெடுத்தேன். பொறாமையால் கெடுத்தேன். வேறு காரணம் எதுவும் இல்லை.

கொலை என்று நினைத்துவிடாதீர்கள்... அவனுடைய உயிர் எப்படியும் போகத்தான் இருந்தது. வைத்தியர்கள் கையை விரித்துவிட்டார்கள். தன் வீட்டில், தன் கட்டிலில், வாவியைப் பார்த்தபடி கண்ணை மூட வேண்டும் என்பது ஒன்றுதான் அவன் கேட்டது. அது கிடைக்கப்போகிற நேரத்தில் நான் தட்டிப் பறித்தேன். இந்தக் குற்றத்துக்கு எந்தச் சட்டத்திலும் பிரிவு இல்லை. தேடிப் பார்த்துவிட்டேன்.

தேடத் தெரிந்தவன் நான். பிரதேச செயலகத்தில் நிர்வாக உத்தியோகத்தராக இருந்து ஓய்வு பெற்றவன். காணி, பிறப்பு, ஓய்வூதியம், இறப்பு... மனிதனுக்கு என்ன நேர்ந்தாலும் அடுத்து எந்த மேசைக்குப் போக வேண்டும் என்று சொல்லிவிடுவேன். இன்றைக்கும் சந்தையில் கத்தரிக்காய் வாங்கும்போது ஆட்கள் வழிமறித்துக் கேட்பார்கள். சொல்வேன். ஒருவருக்கும் பிழையாகச் சொன்னதில்லை, ஒருத்திக்குத் தவிர.

என் சாவையும் நானே ஒழுங்குசெய்து வைத்திருக்கிறேன். மரண சாசனம் நொத்தாரிசு முன்னிலையில் முடிந்தது. வெள்ளை வேட்டி அலுமாரியின் மேல்தட்டில் இருக்கிறது. மரண அறிவித்தலுக்கான படத்தைக்கூட எடுத்தாயிற்று, சிரிக்காத படம். எல்லாவற்றுக்கும் மேலாக ஒரு நிபந்தனை: ஆஸ்பத்திரியில் சாக மாட்டேன். என் மனைவி மனோகரி படுத்திருந்த அறையில், மேற்கு யன்னலைத் திறந்துவிட்டு, வாவியில் பொழுது இறங்குவதைப் பார்த்துக்கொண்டு போக வேண்டும். மெல்பேர்னில் இருக்கும் மகளிடம் தொலைபேசியில் இதைச் சொன்னபோது, "அதுக்கென்னப்பா, கலா பாத்துக்கொள்ளுவா" என்றாள். அவளுக்கு வேலைக்குப் போக நேரமாகியிருந்தது.

கலா என் மகளின் மச்சாள். மனோகரியின் அண்ணன் தவராசாவின் ஒரே பிள்ளை. நான் சாவைக் கெடுத்தது அந்தத் தவராசாவுக்குத்தான்.

நாங்கள் இருவரும் ஒரே வகுப்பில் படித்தவர்கள். நான் சோதனைகளில் தேறி உத்தியோகத்துக்குப் போனேன். அவன் லொறி ஓட்டப் போனான். வாவியின் கிழக்கே எழுவான்கரையில் நான். மேற்கே படுவான்கரையில், பழுகாமத்தில் அவன். அடையாள அட்டையை அவன் தொலைத்த தடவைகளுக்குக் கணக்கில்லை. ஒவ்வொரு முறையும் புதியது எடுத்துக் கொடுத்தவன் நான். அவன் எதற்கும் ஆயத்தமாக இருந்ததில்லை. பிறகு எப்படிச் சாவுக்கு மட்டும் அவ்வளவு ஆயத்தமாக இருந்தான்?

எங்கள் பக்கத்தில் வீடு பெண்ணுக்குத்தான். ஆண் மனைவியின் வீட்டுக்குப் போய் வாழ்ந்து, மகளின் வீட்டில் சாவான். தவராசாவுக்கு அப்படியே வாய்த்தது. மனைவி போன பிறகும் மகள் இருந்தாள், மருமகன் இருந்தான், வீட்டில் எந்நேரமும் அடுப்பு எரிந்தது. என் வீட்டுக்கும் சொந்தக்காரியாக ஒரு மகள் உண்டு... மெல்பேர்னில். அவளுடைய வீட்டுக்கு நான் சம்பளமில்லாத காவற்காரன்.

ஆனால் என் பொறாமை அங்கே தொடங்கவில்லை. அது மனோகரியின் கட்டிலடியில் தொடங்கியது.

அவள் ஆஸ்பத்திரியில் இருந்த கடைசி நாள். கொழும்புக்கு மாற்றுவதற்கு ஒரு கடிதம் வேண்டும் என்றார்கள். அண்ணனை அவளருகே இருத்திவிட்டு நான் போனேன். ஒரு கையொப்பம், ஒரு முத்திரை, இன்னொரு கையொப்பம். வரிசையில் முறைப்படி நின்றேன்... தெரிந்த முகம் இருந்தும் குறுக்கே போகவில்லை. பெருமையாக நின்றேன் என்றே சொல்ல வேண்டும். கடிதத்தோடு திரும்பி வந்தபோது அவளுடைய கை தவராசாவின் கைக்குள் இருந்தது. முகம் மூடியிருந்தது.

"கடைசியில சிரிச்சவள் மச்சான்" என்றான் அவன். ஆறுதல் என்று நினைத்துத்தான் சொன்னான்.

"என்ன சொன்னாய்?" என்று கேட்டேன்.

"சும்மா... ஒரு பகிடி."

அது என்ன பகிடி என்று அவன் சொல்லவில்லை. நானும் திரும்பக் கேட்கவில்லை. ஆனால் அதன் பிறகு ஒரு நாள்கூட நான் அதை நினைக்காமல் படுத்ததில்லை. நாற்பது வருடம் குடும்பம் நடத்திய நான் வரிசையில் நிற்க, என் மனைவியின் கடைசிச் சிரிப்பை வாங்கிக்கொண்டு போனவன் அவன்! நீங்களாக இருந்தால் மன்னித்திருப்பீர்களா?

பிறகு அவனுக்கும் நோய் வந்தது. ஈரலில். இனி ஊசியும் வேண்டாம், குழாயும் வேண்டாம் என்று அவனே முடிவெடுத்து வீட்டுக்கு வந்தான். கிளினிக் கொப்பியும் நோவுக்கான குளிசைகளும் கொடுத்து அனுப்பினார்கள். முன் விறாந்தையில், கிழக்குக் கதவுக்கு நேரே கட்டிலைப் போடச் சொன்னான். கதவைத் திறந்தால் வாவி. காலை வெயில் தண்ணீரில் பட்டு அவன் காலடிக்கு வந்துவிடும்.

ஆட்கள் வரத் தொடங்கினார்கள். அவன் லொறியில் செங்கல் ஏற்றியவர்கள், மாப்பிள்ளை ஏற்றியவர்கள், வெள்ளத்துக்குள் சட்டி பானையோடு ஏறியவர்கள். அவனால் சாப்பிட முடியாது என்று தெரிந்தும் மீன் கொண்டுவந்தார்கள். யாரிடமாவது கோபம் மிச்சம் இருந்தால் அவர்களைக் கூப்பிட்டு அனுப்பினான். வந்தார்கள், பேசித் தீர்த்தார்கள். கிழமைக்கு ஒரு நாள் காத்தான்குடியிலிருந்து ஹனீபா காக்கா வருவார். புடவைக் கடைக்காரர், எங்களுக்கு அண்ணன் முறை, தவராசா அரைவாசி ஆயுள் அவருடைய சரக்கு ஏற்றியவன். பிளாஸ்கில் இஞ்சிக் கோப்பி கொண்டுவந்து, அதில் ஒரு கரண்டியைத் தவராசாவின் நாக்கில் விட்டு, மிச்சத்தைத் தான் குடிப்பார்.

"காக்கா, நான் போற நேரம் நீங்களும் ஒரு சொட்டு ஊத்தோணும்" என்பான் தவராசா. எங்கள் வழக்கத்தில், போகும் உயிருக்குச் சுற்றியிருப்பவர்கள் ஒவ்வொருவரும் வாயில் பால் விடுவார்கள்.

"பாலா, கோப்பியா?"

"கோப்பிதான். பாலக் குடிச்சிட்டு ஆர் அவ்வளவு தூரம் முழிச்சிருந்து போறது?"

விறாந்தை முழுதும் சிரிக்கும். நான் மூலையில் இருந்த பிளாஸ்டிக் கதிரையில் இருந்து பார்த்துக்கொண்டிருப்பேன். வாரத்தில் பல நாள் பஸ் ஏறி, பாலம் கடந்து போனேன். மைத்துனருக்கு எவ்வளவு அக்கறை என்று ஊர் மெச்சியது. அக்கறையா அது? ஒருவன் நன்றாகச் சாவதைப் பார்க்கப் பார்க்க எனக்கு வயிறு எரிந்தது. என் மரண சாசனம், என் வேட்டி, என் படம்... எல்லாம் சரியாக இருந்தன. அந்த விறாந்தைக்கு ஆள் சேர்க்க மட்டும் எந்த மேசையிலும் விண்ணப்பிக்க வழி இல்லை.

ஒரு நாள் யாரோ மனோகரியைப் பற்றிப் பேச்செடுத்தார்கள். தவராசா என் பக்கம் பார்த்தான். நோவுக் குளிசையின் மயக்கமோ, கணக்கை முடிக்கும் எண்ணமோ தெரியாது.

"மச்சான், அண்டைக்கு அவள் என்னத்துக்குச் சிரிச்சவள் எண்டு நீ கேட்டாய் என்ன? இப்ப சொல்றன். உன்ட மனிசன் எங்க எண்டு பாக்காத தங்கச்சி, எமன் வந்தாலும் சீல் இரிக்கா எண்டு கேட்டுத்தான் உள்ள விடுவான், அதால நீ பயப்பிடாத எண்டன். சிரிச்சிட்டாள். அப்பிடியே போயிட்டாள்."

எல்லோரும் சிரித்தார்கள். ஹனீபா காக்கா என் தோளில் தட்டினார். நானும் சிரித்தேன்.

இப்போது எழுதும்போது தெரிகிறது, அது என்னை ஏளனம் செய்த பகிடி அல்ல. நான் வாசலில் காவல் நிற்கிறேன் என்று அவளுக்குத் தைரியம் சொன்ன பகிடி. அன்றைக்குத் தெரியவில்லை. அல்லது தெரிந்தது, ஆனால் வேண்டியிருக்கவில்லை. அவள் கடைசியாகச் சிரித்தது என்னைப் பார்த்து... அதுவும் நான் இல்லாதபோது. எனக்குக் கேட்டது அவ்வளவுதான்.

அன்று பின்னேரம் கலா குசினியில் கஞ்சி வடித்துக்கொண்டு மெதுவாகக் கேட்டாள்.

"மாமா, அப்பாக்கு ஒண்டு நடந்தா மறுகா என்ன செய்யோணும்? உங்களுக்குத்தானே எல்லாம் தெரியும்."

பதில் மிகச் சுலபம். நோய் தெரிந்த நோய். கிளினிக் கொப்பி இருக்கிறது. வீட்டில் போனால் கிராம சேவகரிடம் சொல்ல வேண்டும். அவர் அறிக்கை தருவார், பதிவாளர் பதிவார். அவ்வளவுதான். ஆயிரம் பேருக்குச் சொல்லியிருப்பேன்.

"வீட்டில நடந்தா கரைச்சல் புள்ள" என்றேன். "திடீர் மரண விசாரணை அதிகாரி வருவார். பொலிஸ் வரும். அவங்களுக்குத் திருப்தி இல்லையெண்டா பிரேத பரிசோதனைக்குக் கொண்டு போவாங்க."

கலாவின் அகப்பை நின்றது. "வெட்டுவாங்களா மாமா?"

"சட்டம் அப்பிடி."

கவனித்துக்கொள்ளுங்கள், நான் சொன்ன ஒவ்வொரு வசனமும் உண்மை. வேறு ஒரு வகைச் சாவுக்கு உண்மை. இப்படித்தான் படித்தவன் பொய் சொல்வான்.

"ஆஸ்பத்திரியில நடந்தா இது ஒண்டும் இல்ல. கையில தந்திருவாங்க" என்றும் சேர்த்தேன். அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "நல்ல வேள மாமா, நீங்க இரிக்கிறீங்க" என்றாள்.

சில நாட்களில் தவராசாவுக்கு மூச்சு இழுக்கத் தொடங்கியது. விறாந்தையில் ஆட்கள் கூடினார்கள். ஒரு சிறிய கிண்ணத்தில் பால் தயாராக இருந்தது. கலா அம்புலன்ஸுக்குப் போன் அடித்தாள்.

"என்னை ஏத்தாத புள்ள" என்றான். அவளைக் கையெடுத்துக் கும்பிட்டான். ஒரு தகப்பன் மகளைக் கும்பிடுவதை நீங்கள் பார்த்திருக்கிறீர்களா? அவள் அழுதுகொண்டு என்னைப் பார்த்தாள். அவனும் என்னைப் பார்த்தான்.

"மச்சான்... நீ சொல்லு இவளுக்கு."

ஒரு வசனம் போதும். பொய் சொன்னேன் என்றுகூடச் சொல்ல வேண்டியதில்லை. பிழையாக விளங்கிக்கொண்டேன், பரவாயில்லை, வீட்டிலேயே இருக்கட்டும் என்றால் போதும். ஆனால் இத்தனை பேருக்கு முன்னால் சட்டத்தில் நான் பிழை விடுவதா?

"சட்டம் அப்பிடி மச்சான்" என்றேன்.

அவன் கும்பிட்ட கையை இறக்கினான். பிறகு, மூச்சுக்கு நடுவில், "அப்ப சீல் வெச்சாச்சு" என்றான். அந்தப் பகிடிக்கு ஒருவரும் சிரிக்கவில்லை.

ஆண்கள் வார்ட்டில் இரவில் பெண்கள் நிற்க முடியாது. அதனால், மருமகனை வீட்டுக்கு அனுப்பிவிட்டு, துணைக்கு நின்றவன் நான். பார்த்தீர்களா, சாகிறவனின் கட்டிலடி, நான் ஆசைப்பட்ட இடம், எனக்கே கிடைத்தது! கட்டிலுக்கு நேரே பச்சைச் சுவர். அடுத்த நாள் ஹனீபா காக்கா பிளாஸ்கோடு வந்தார். பார்வையாளர் நேரம் இல்லை என்று வாசலில் நிறுத்திவிட்டார்கள். எனக்கு அங்கே தெரிந்தவர்கள் இருந்தார்கள். ஒரு சொல் சொன்னால் விட்டிருப்பார்கள். நான் கீழே இறங்கிப் போய், "விடமாட்டாங்க காக்கா" என்றேன்.

"அவன் என்னட்ட ஒரு சொட்டுக் கேட்டவன் தம்பி" என்றார். பிளாஸ்கை என் கையில் தந்துவிட்டு, பிறகு ஏதோ நினைத்துக்கொண்டு திருப்பி வாங்கிக்கொண்டு போனார்.

மதியச் சாப்பாட்டு வண்டி போகிற சத்தத்தில் தவராசா கண் திறந்தான்.

"கதவத் திற மச்சான். விடிஞ்சிட்டு."

அவன் கையைப் பிடித்துக்கொண்டேன். அவன் மனோகரிக்குச் செய்ததை அவனுக்கு நான் செய்ய வேண்டும் என்று அப்போதுதான், அவ்வளவு பிந்தி, தோன்றியது. எதையாவது சொல்லிச் சிரிக்கவைக்க வேண்டும். யோசித்தேன்... உண்மையாகவே யோசித்தேன். எனக்கு ஒரு பகிடிகூடத் தெரியவில்லை. தண்ணீர்ப் போத்தலின் மூடியில் கொஞ்சம் எடுத்து வாயில் விட்டேன். அது கன்னத்தால் வழிந்தது. "கதவு" என்று இன்னொரு முறை சொன்னான். நான் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

பத்திரங்கள் எல்லாவற்றையும் அன்றே முடித்துக் கொடுத்தேன். ஒரு பிழை இல்லை.

முப்பத்தோராம் நாள் சடங்குக்குப் போனபோது கலா எனக்கு முதல் இலை போட்டாள். பக்கத்தில் இருந்தவர்களிடம், "மாமா சொல்லாட்டி அப்பாவ வெட்டியிருப்பாங்க. நான் எண்டா வீட்டிலயே வெச்சிருந்திருப்பன்" என்றாள். பிறகு என் பக்கம் குனிந்து, "நீங்க ஒண்டுக்கும் யோசிக்காதீங்க மாமா. உங்களுக்கு ஒண்டெண்டா ஒரு நிமிசமும் வீட்டில வெச்சிரிக்க மாட்டன்" என்றாள்.

என் மகளும் மெல்பேர்னிலிருந்து அவளுக்கு நன்றி சொன்னாளாம்.

நான் இப்போது என்ன செய்வது? சட்டத்தைத் திருத்திச் சொல்லலாம். சொன்னால் அடுத்த கேள்வி என்ன என்று உங்களுக்குத் தெரியும்: அப்ப, எங்கட அப்பாவ ஏன்? என் யன்னலை நான் கேட்டு வாங்க வேண்டுமென்றால், அவளுடைய அப்பாவின் கதவை மூடியவன் யார் என்று சொல்ல வேண்டும். பல தடவை பஸ் ஏறிப் போனேன். தேத்தண்ணி குடித்துவிட்டுத் திரும்பினேன். இதை உங்களுக்கு எழுதுகிறேன், அவளுக்கு அல்ல. அதிலும் நடைமுறையைப் பாருங்கள்... தவறான மேசையில் கொடுத்த விண்ணப்பம்.

போன மாதம் எனக்கு நெஞ்சில் ஒரு பிடிப்பு வந்தது, வாய்வுதான். கேள்விப்பட்டுக் கலா ஓடி வந்தாள். திரும்பிப் போகும்போது ஒரு பையை ஆயத்தம் செய்து வைத்துவிட்டுப் போனாள். கட்டிக்கொள்ள இரண்டு சாரம், துடைக்கத் துவாய், தலையணை உறை, ஒரு கோப்பை. தவராசா கொண்டுபோன அதே பை. அவசரத்துக்குத் தேடாமல் எடுக்க வேண்டுமாம். மனோகரியின் அறையில், மேற்கு யன்னலின் கொளுக்கியில் தொங்கவிட்டிருக்கிறாள்.

யன்னலைத் திறப்பதென்றால் அந்தப் பையைக் கழற்ற வேண்டும். நான் கழற்றவில்லை.