பன்னிரண்டில் பதினொன்று

செலின் ஆன்ட்டியைப் பற்றி எல்லாவற்றையும் உண்மையாக எழுதப்போகிறேன். நல்லவற்றை மட்டும் எழுதினால், அவரை அறிந்த நீங்களே இது வேறு யாரோ என்று சொல்லிவிடுவீர்கள்.

பள்ளிக்குக் கிளம்பிக்கொண்டிருந்தேன். அம்மா தொலைபேசியை எடுத்தார். வைத்துவிட்டு, என் தோளிலிருந்து பையைக் கழற்றினார். "நம்ம செலின் போயிட்டாடி" என்றார்.

ஆன்ட்டி, வெளிமாநிலத்தில் கோந்த்வா என்னும் பகுதியில் எங்களுக்கு மேல்மாடியில் இருந்தார். ஒரு மருத்துவமனையில் நெடுங்காலமாக ஆயா. அங்கே புதிதாக வந்த நிர்வாகம், ஏழாம் வகுப்புக் கணக்குத் தேர்வில் தேறாத ஆயாக்களுக்கு இனி வேலை இல்லை என்றது. போசரியில் அவர் கணவரான அங்கிள் வேலை பார்த்த பட்டறை ஏற்கெனவே மூடிக் கிடந்தது. நான் படிப்பது ஏழாம் வகுப்பு. அதனால் ஆன்ட்டி மாலையில் என் புத்தகத்தைப் பங்கு போட வந்தார்.

பின்னங்களில்தான் மாட்டிக்கொண்டார். அரையையும் காலையும் கூட்டச் சொன்னால், மேலே இருப்பதைத் தனியாக, கீழே இருப்பதைத் தனியாகக் கூட்டி, ஆறில் இரண்டு என்று எழுதுவார். தவறென்றால் கோபம் வரும். ஒருமுறை பென்சிலைச் சுவரில் எறிந்தார். "பெட்பேன் கழுவ இது எதுக்குட்டி?"

பள்ளியில் தமிழ் கிடையாது; என் தமிழ் வீட்டுப் பேச்சோடு சரி. எளிதாக்குவதாக நினைத்து, "ஆன்ட்டி, அரையும் காலும் சேர்ந்தா அரைக்கால்தானே?" என்றேன்.

அவருக்குச் சிரித்துச் சிரித்துப் புரையேறியது. "ஏட்டி, அரைக்கால்னா காலுல பாதில்லா! நீ சொல்லுதது முக்கால். நல்ல டீச்சர் வாய்ச்சா எனக்கு!"

"அப்போ ஏன் ஆறில் ரெண்டுன்னு எழுதுறீங்க? அது அரையைவிடக் கம்மி."

சிரிப்பு நின்றது. "கூட்டினா குறையுமோ?" என்று தனக்குள் கேட்டுக்கொண்டார். பிறகு அரையின் மேல் பென்சிலை வைத்து, "இதுக்குள்ள ரெண்டு கால் இருக்கு" என்றார். நான்கில் இரண்டு, நான்கில் ஒன்று என்று எழுதினார். அதற்குப் பின் என்னையே அதட்டுவார்: "அடியை ஒண்ணாக்காம மேல கை வைக்காதே."

தேர்வன்று அவருக்குக் கடும் காய்ச்சல். அம்மா தடுத்தார். "இன்னைக்கு விட்டா வேலை போயிரும்க்கா" என்று ரிக்‌ஷாவில் ஏறிவிட்டார். டெங்கு என்று பிறகுதான் தெரிந்தது.

மருத்துவமனையில் நான் பார்க்கப் போனபோது அவர் உதடுகள் வெடித்திருந்தன. "மூணுல ரெண்டும் நாலுல ஒண்ணும் கூட்டணும். பன்னெண்டுல பதினொண்ணு போட்டேன். சரியாட்டி?"

மனத்துக்குள் போட்டுப் பார்த்தேன். "சரி ஆன்ட்டி."

கண்களை மூடிக்கொண்டார். அதுதான் எங்கள் கடைசிப் பேச்சு.

அடக்கத்துக்குப் பிறகு ஆலயக் கூடத்தில் ஜெபம் நடந்தது. எல்லோரும் போன பின் அங்கிள் என்னிடம் கேட்டார்: "தேறியிருப்பாளா மக்களே?"

"மத்த கணக்கு தெரியாது அங்கிள். ஒண்ணு முழுசா சரி."

தலையசைத்தார். "அவ இடத்துக்கு வேற ஆளை எடுத்துட்டாங்களாம்" என்றார்.

ஆன்ட்டியிடமிருந்து எனக்கு மிஞ்சியது ஒரு பழக்கம். விடை வந்ததும், கூட்டிய பிறகு அது குறைந்திருக்கிறதா என்று பார்க்கிறேன்.

அன்று ஆலயக் கூடத்தைப் பூட்ட ஆள் வந்து நின்றார். அங்கிள் எழுந்திருக்கவில்லை. வந்தவர் விளக்குகளை அணைத்துவிட்டார்.