கொண்டை மட்டும் வந்த அன்னாசி

சமையல் வீடியோ பார்க்கும் கணவர்களே, ஜாக்கிரதை! போன ஞாயிற்றுக்கிழமை என் மகனின் கல்யாணமே தாச்சிச் சட்டிக்குள் போய்த் திரும்பி வந்தது.

மகன் ரமேஷுக்கு வயது முப்பதைத் தாண்டிவிட்டது. வந்த சம்பந்தங்களில் ஒன்று ஜாதகத்தில் முறிந்தது. இன்னொன்று நான் பேசிய அரசியலில் முறிந்தது. ஆகவே, இந்த முறை அப்புத்தளைக்குப் பெண் பார்க்கப் போகும்போது எனக்கு ஒரே கட்டளை – வாயைத் திறக்கக் கூடாது.

கையைப் பற்றி யாரும் எதுவும் சொல்லவில்லையே!

காலையில் குளிக்கப் போன மனைவி, "பாணுக்குத் தொட்டுக்க எதையாவது செஞ்சு வைங்க" என்றாள். எதையாவதா? முதல் நாள்தான் ஒரு வீடியோ பார்த்திருந்தேன்... காரட், போஞ்சி, லீக்ஸ், கறிமிளகாய் எல்லாவற்றையும் நீளவாக்கில் அரிந்து, தாச்சியில் பெரிய நெருப்பில் பிரட்டி, சோயா சோஸ், மிளகாய்த்தூள், கொஞ்சம் சீனி. கடைசியில் அன்னாசித் துண்டுகள். சாறு சுண்டிக் காய்கறியில் பளபளவென்று பிடித்துக்கொண்டது. இனிப்பும் உறைப்புமாக... ருசி பார்த்தே பாதி குறைந்துவிட்டது.

அன்னாசி ஏது என்கிறீர்களா? குசினி மேசையில் இருந்தது. பெண் வீட்டுக்கு என்று அதில் எழுதியா ஒட்டியிருந்தது?

"ஐயோ, தட்டுக்கு வச்ச பழங்க!" மனைவி தலையில் கை வைத்தாள். "அஞ்சு வகை வாங்குனேன். இப்ப நாலுதான் இருக்கு. ரெட்டப்படையில தூக்கிட்டுப் போக முடியுமா?"

"எலுமிச்சம்பழமும் பழந்தானே?" என்றேன். அவள் பார்த்த பார்வையில் அந்த யோசனை அங்கேயே செத்தது.

எங்கள் பதுளையில் பழக்கடை எதுவும் திறக்கவில்லை. நல்ல நேரமோ போய்க்கொண்டிருந்தது. சட்டென்று மனைவி குப்பைக்கூடையிலிருந்து அன்னாசியின் கொண்டையை எடுத்தாள். கழுவினாள். தட்டின் நடுவில் நிறுத்தி, சுற்றிலும் தோடம்பழத்தையும் ஆப்பிளையும் அடுக்கி, செலோபேன் சுற்றி ரிப்பன் கட்டிவிட்டாள். பார்த்தால், பழங்களுக்குள் கழுத்தளவு புதைந்து நிற்கும் முழு அன்னாசி!

பண்டாரவளை வரைக்கும் வேனில் எனக்கு அர்ச்சனை. ரமேஷ் ஜன்னல் பக்கமே பார்த்துக்கொண்டிருந்தான். நான் வேறு யோசனையில் இருந்தேன். பெண் பார்க்கப் போகிற எல்லோருமே செலோபேன் சுற்றிக்கொண்டுதானே போகிறோம்? சம்பளத்தைக் கொஞ்சம் கூட்டி, வயதைக் கொஞ்சம் குறைத்து, வழுக்கையைக் கொஞ்சம் இழுத்து மூடி...

பெண்ணின் அப்பா தோட்டத்து ஆபீஸில் கிளார்க்காக இருந்து ஓய்வு பெற்றவர். தேத்தண்ணீர் வந்தது. பேச்சு நன்றாகத்தான் போனது.

"எங்க வீட்டுல ஒளிவு மறைவே கெடையாதுங்க" என்றாள் என் மனைவி.

"அதாங்க வேணும்" என்றபடி அவர் ரிப்பனை அவிழ்த்தார். "அடடே, அன்னாசி! வெட்டுவோம், எல்லாரும் சாப்புடலாம்."

முழுப் பழத்துக்கு வேண்டிய பலத்தோடு கொண்டையைப் பிடித்துத் தூக்கினார். அவ்வளவுதான்... கையில் கொண்டையோடு சோபாவில் மல்லாந்தார். தோடம்பழங்கள் நாலா பக்கமும் உருண்டன.

மனைவி சீலிங்கைப் பார்த்தாள்.

"பழம் எங்கங்க?" என்றார் பெண்ணின் அம்மா.

வாயைத் திறக்கக் கூடாதுதான். ஆனால் வேறு யார் சொல்வது? "சாப்பிட்டுட்டோம்ங்க" என்றேன். "பாணோட."

வீடியோவிலிருந்து குப்பைக்கூடை வரை எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். சொல்லி முடித்துவிட்டுத்தான் மகன் முகத்தைப் பார்த்தேன். இதுவும் என்னால்தான் கெட்டதா? பாவி நான்!

ரமேஷ் தொண்டையைச் செருமினான். "அப்பா மட்டும் இல்லீங்க. தோல் சீவிக் குடுத்தது நான்தான்."

அடப்பாவி! வேனில் அத்தனை திட்டையும் என்னைத் தனியாக வாங்க விட்டவன்!

திரைக்குப் பின்னால் ஒரு சிரிப்பு வெடித்தது. மாலதி – பெண்ணின் பெயர் அதுதான் – அடக்க முடியாமல் வெளியே வந்தாள். ரமேஷை நேராகப் பார்த்தாள்.

"தாச்சியக் கழுவுனது யாரு?"

"நான்தான்" என்றான் ரமேஷ்.

அவள் அம்மாவைத் திரும்பிப் பார்த்துச் சிரித்தாள். ஜாதகம் பார்த்தபோது யாருக்காவது இந்தக் கேள்வி தோன்றியதா?

நேற்று சம்பந்தி போனில் பேசினார். எல்லோருக்கும் சம்மதமாம். நிச்சயதார்த்தத்துக்கு அந்தக் கறியை நான்தான் ஆக்க வேண்டுமாம்.

"ஆனா ஒண்ணுங்க" என்றார். "அன்னாசிய மட்டும் நாங்களே வாங்கி வச்சிக்கிறோம்."