மேயரின் மைத்துனனும் எங்கள் பேச்சுப் போட்டியும்

போன சனிக்கிழமை ஒரு துருக்கிப் படம் பார்த்தேன். கூட்டிப்போனவர் வசந்தி அக்கா. லண்டன் மனோர் பார்க்கில் எங்கள் வீட்டுக்கு இரண்டு வீடு தள்ளி இருப்பவர். யாழ்ப்பாணத்துக்காரர், பஸ் டிரைவர்.

அரசியல் நையாண்டிப் படம். ஒரு சின்ன ஊர் மேயர் தன் மைத்துனனுக்கே எல்லாப் பதவியையும் கொடுக்கிறார். கடைசியில் மாட்டு டாக்டர் பதவியும்! அவனுக்கோ மாட்டைக் கண்டாலே நடுக்கம். ஒவ்வொரு உத்தரவுக்கும் ஒரு கிளார்க் பெருமூச்சோடு சீல் வைக்கிறார். ‘நான் என்ன தப்பு செய்தேன்? சீல்தானே வைத்தேன்’ என்கிறார்.

நான் விழுந்து விழுந்து சிரித்தேன். அக்கா சிரிக்கவில்லை.

“என்னக்கா, படம் பிடிக்கலையா?”

“பிடிச்சது தம்பி. ஆனா அந்தக் கிளார்க் நாங்கள்தான்.”

எனக்குச் சிரிப்பு நின்றுபோனது.

எங்கள் ஞாயிறு தமிழ்ப் பள்ளியில் போன மாதம் பேச்சுப் போட்டி. நானும் அக்காவும்தான் நடுவர்கள். பள்ளித் தலைவர் காதோரம் வந்து ஏதோ சொன்னார்... அவர் மகளுக்கு முதல் பரிசு. உண்மையில் ஜெயித்தது பிளேஸ்டோவிலிருந்து வரும் ஒரு சிறுமி.

“அந்தப் பிள்ளை இப்ப பள்ளிக்கூடத்துக்கே வாறதில்லை. நாளைக்குக் கூட்டத்தில சொல்லப் போறன்.”

“நம்ம பேரு கெட்டுடுமேக்கா?”

“கெடட்டும். செய்தது நாங்கள்தானே?”

மறுநாள் பெற்றோர் கூட்டம். அக்கா எழுந்தார்.

“பேச்சுப் போட்டியில தலைவர் கேட்டவர், நான் புள்ளியை மாத்தினனான். முதல் பரிசு அந்தப் பிளேஸ்டோப் பிள்ளைக்குத்தான்.”

தலைவர் சிரிக்க முயன்றார். “அக்கா, இதைப் பிறகு தனியக் கதைப்பம்.”

“ஏலாது. பரிசை எல்லாருக்கும் முன்னாலதானே குடுத்தனீங்கள்?”

அதற்குமேல் நான் உட்கார்ந்திருக்க முடியுமா? எழுந்தேன். “நானும்தான் மாத்தினேன்” என்றேன்.

அரை மணி நேரம் ஒரே கூச்சல். முடிவில் தலைவர் பதவி விலகினார். எங்கள் இருவருக்கும் இனி நடுவர் வேலை கிடையாது — நியாயம்தானே? முதல் பரிசுக் கோப்பையைக் கொண்டுவந்து அக்கா கையில் கொடுத்தது, தலைவரின் மகள். அழுதுகொண்டேதான் கொடுத்தாள். ஆனால் அவளாகவே கொடுத்தாள்.

அன்று மாலை இருவரும் பிளேஸ்டோ போனோம். அந்தச் சிறுமிதான் கதவைத் திறந்தாள். அக்கா மன்னிப்புக் கேட்டார். அவள் கோப்பையைப் பார்க்கவே இல்லை. என்னைப் பார்த்தாள்.

“அங்கிள், என்ர ஸ்பீச் நல்லா இருந்ததோ இல்லையோ? அதை மட்டும் சொல்லுங்கோ.”

“ரொம்ப நல்லா இருந்ததும்மா” என்றேன்.

மூன்றே வார்த்தை. சொல்ல எனக்கு ஒரு மாதம் ஆகியிருக்கிறது!