ரெஜினா கிழித்துப்போட்ட அத்தியாயம்

செவ்வாய்க்கிழமை காலை கல்லூரிக்குக் கிளம்பும்போது ரெஜினாவின் தம்பி போன் செய்தார். "அக்கா போயிட்டாங்க டீச்சர்" என்றார். நான் கேட்ட முதல் கேள்வி, "அந்த அத்தியாயத்த முடிச்சாளா?" என்பது. நினைத்தால் வெட்கமாக இருக்கிறது. முடிக்கவில்லை.

எங்கள் ஆசிரியர் அறையில் உட்கார்ந்தவர்களுக்குத் தெரியும், ரெஜினாவிடம் பேச்சுக் கொடுத்தால் டீ ஆறிவிடும். பழைய கிரேக்கர்கள் நாடகம் முழுவதையும் பாடியே நடித்தார்கள் என்று இத்தாலியில் சிலர் நம்பினார்கள். அப்படியே செய்து பார்க்கப்போய்ப் பிறந்தது ஒபேரா. "தப்பா நம்புனாங்க வசந்தா, ஆனா நல்லா பாடுனாங்க" என்பார். வண்ணாரப்பேட்டை பிரவுசிங் சென்டரில் மணிக்கணக்கில் உட்கார்ந்து இதைத்தான் தேடுவார். ராயபுரத்துக்காரிக்கு இத்தாலியில் என்ன வேலை என்று தமிழ் நடத்துகிற நான் கிண்டல் செய்வேன்.

கிரேக்க நாடகத்தில் கூடிப் பாடும் குழு வெறும் அலங்காரம், ஒபேராக்காரர்கள் தனிக்குரலை முன்னே கொண்டுவந்ததுதான் சரி என்று தன் ஆய்வேட்டில் ஓர் அத்தியாயம் எழுதியிருந்தார். பிழை திருத்தியது நான். முனைவர் பட்டம் கைக்கெட்டும் தூரத்தில் இருந்தது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை நாங்கள் காசிமேட்டில் நடந்து வரும்போது, ஒரு சாவு வீட்டுப் பந்தலில் கானா பாடிக்கொண்டிருந்தார்கள். ரெஜினா விறுவிறுவென்று போய் உட்கார்ந்து நோட்டைத் திறந்து எழுத ஆரம்பித்துவிட்டார். உறவுக்காரி என்று நினைத்து யாரோ டீ கொடுத்தார்கள். பாடிக்கொண்டிருந்த துரை, மீன்பிடித் துறைமுகத்தில் ஐஸ் உடைப்பவர், பாட்டை நிறுத்திவிட்டு யார் என்று விசாரித்தார். பாட்டு கேட்க வந்தேன் என்றார் ரெஜினா.

"கேட்டுட்டுப் போறதுக்கு இது இன்னா கச்சேரியாம்மா? நான் ஒரு வரி வுட்டா எல்லாரும் எட்து பாடணும். அப்பதான் அந்த அம்மா மன்சு ஆறும்" என்று, பிள்ளையைப் பறிகொடுத்த தாயைக் காட்டினார் துரை.

ரெஜினா நோட்டை மூடிவிட்டு எடுத்துப் பாடினார். நான் பந்தலுக்கு வெளியே நின்று என் செருப்பைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

மறுநாள் அத்தியாயத்தைக் கிழித்துப்போட்டார். துக்கத்தைத் தாங்குகிறவர்களைப் போய் அலங்காரம் என்று எழுதிவிட்டேனே என்றார். பட்டம் தள்ளிப்போனது. கோபத்தில் ஒரு வாரம் நான் முகம்கொடுத்துப் பேசவில்லை. அப்புறம் அவர் எழுதினார், அடித்தார், மறுபடி எழுதினார். கடைசிவரை அதுதான் நடந்தது.

ரெஜினாவின் அடக்கத்துக்கு முன்பு, செய்தி கேள்விப்பட்டுத் துரை வந்து, ஒரு பாட்டு பாடலாமா என்று கேட்டார். ஜெபம் நடக்கிற வீட்டில் கானாவா என்று உறவினர்கள் முகம் சுளித்தார்கள். தம்பி என்னைப் பார்த்தார். பாடட்டும் என்றேன்.

துரை ரெஜினாவின் பெயரை வைத்து ஒரு வரி விட்டார். யாரும் எடுக்கவில்லை. வகுப்பில் செய்யுளைக்கூட வாசித்தே காலம் தள்ளியவள் நான்; எனக்கு அப்படியொரு குரல். ரெஜினாவைப் பார்த்தேன். எடுத்துப் பாடினேன். அடுத்த வரிக்குத் தம்பியும் சேர்ந்துகொண்டார்.

காசிமேட்டில் எழுதிய அந்த நோட்டு இப்போது என்னிடம் இருக்கிறது. கடைசி வாக்கியம் பாதியில் நிற்கிறது. முடிச்சாளா என்று இனி யாரையும் கேட்க மாட்டேன். அந்த இடத்தில் நோட்டை மூடிவிட்டு அவள் பாடப் போனாள்.